மணிக்கூண்டு சொல்லி முடித்த வாக்கியம்

மணிக்கூண்டுக் கடிகாரம் ஓடத் தொடங்கிய அன்று மதியம் அது சொன்ன முதல் சொல் "நீ". சந்தையில் அன்று வெங்காயம் மலிவு, மீன் வரத்து குறைவு. சொல் எல்லாருக்கும் கேட்டது. நிமிர்ந்து பார்த்தவர்கள் முள் ஒழுங்காக நகர்வதைக் கண்டு மறுபடி பேரத்தில் இறங்கினார்கள். அது பல்லழகரின் குரல் என்று கண்டுகொண்டவள் அவர் மனைவி சுருள்காரி மட்டும்தான். சக்கரங்களுக்குப் பல் வெட்டுகிற அவர் யாரிடமும் வாய் திறந்து பல்லைக் காட்டியதே இல்லை என்பதால்தான் ஊர் அவருக்கு அந்தப் பட்டப்பெயரை வைத்திருந்தது.

சாவி கொடுத்தால் ஓடுகிற பொருள்கள் செய்வது அந்த ஊரின் தொழில். தானாக ஆடும் தொட்டில், தானாகச் சாத்திக்கொள்ளும் கதவு, தண்ணீரைச் சுமந்துகொண்டு படியேறும் வாளி, எல்லாவற்றுக்கும் உயிர் உள்ளே இருக்கும் சுருள்வில். எஃகுப் பட்டையைப் பழுக்கக் காய்ச்சிச் சுருட்டும்போது பக்கத்தில் எவர் எதைச் சொன்னாலும் எஃகு அதை வாங்கி வைத்துக்கொள்ளும்; பிறகு வில் பிரியப் பிரிய, வாங்கியதைத் திருப்பித் தரும். ஒருவர் கை சுட்டுக்கொண்டு ஏசிய கெட்ட வார்த்தை ஒரு தொட்டிலுக்குப் போய்ச் சேர்ந்து, அந்த வீட்டுக் குழந்தை கற்ற முதல் சொல் ஆகிவிட்டது. அதனால் சுருட்டும் பட்டறையில் யாரும் வாயைத் திறப்பதில்லை. பேசிய வில்லைத் துண்டு துண்டாக வெட்ட வேண்டும், சுருட்டியவர்கள் இனி உலைப் பக்கம் வரக் கூடாது என்பது பட்டறைக்காரர் சங்கத்தின் கட்டுப்பாடு.

செருப்பைப் போல மௌனத்தையும் வாசலில் கழற்றி வைத்துவிடலாம் என்றுதான் கல்யாணமான புதிதில் சுருள்காரி நினைத்தாள். அது கூடவே உள்ளே வந்து சாப்பிட உட்கார்ந்தது. அவள் எதைச் சொன்னாலும் அவர் "ம்" என்பார்; அவராகப் பேசுவதென்றால் ஏதாவது ஒரு கருவி எங்கே என்று கேட்பதோடு சரி. ஆரம்பத்தில் ஒரு "ம்"முக்கும் இன்னொரு "ம்"முக்கும் அவளுக்கு வித்தியாசம் தெரிந்தது. பிறகு தேடுவதை விட்டுவிட்டாள். துறைமுகத்தில் பாய் தைக்கும் தங்கை, படகுக்காரரிடம் அடிக்கடி சொல்லி அனுப்புவாள்: "இங்க வந்துடுக்கா. சண்டை போடவாச்சும் ஒரு ஆள் இருக்கேன்." மணிக்கூண்டு வேலை வந்தபோது சுருள்காரி முடிவெடுத்துவிட்டாள். "ஏங்க, இந்த வேலை முடிஞ்சதும் நான் தங்கச்சி வீட்டுக்குப் போறேன். திரும்பி வர்றதா இல்ல." அவர் சக்கரத்தை ராவிக்கொண்டே "ம்" என்றார்.

ஒரு தடவை சாவி கொடுத்தால் வருடம் முழுக்க ஓட வேண்டிய மணிக்கூண்டின் வில், தெருவின் நீளம் இருந்தது. அவள் பட்டறைக்குள் கைப்பிடியைச் சுற்ற, அவர் தெருக்கோடியில் பட்டையின் மறுமுனையைக் குறட்டால் இறுகப் பிடித்து நின்றார். ஒரு முழம் சுருண்டால் ஒரு முழம் அவளை நோக்கி நடந்து வந்தார். அவர் வந்து சேரச் சில நாள் ஆயிற்று. அத்தனை நாளும் அவள் பார்த்துக்கொண்டிருந்தது அவர் முகத்தைத்தான். உதடு அசையவே இல்லை.

"நீ" கேட்டபோது அவள் மூட்டை கட்டி முடித்திருந்தாள்.

"என்னங்க அது?"

"நான் வாயே திறக்கல."

"தெரியும், பாத்துட்டுதான இருந்தேன். மேல என்ன?"

அவர் காது மடல் சிவந்தது. "அதுவே சொல்லும்."

சமீப வருடங்களில் அவர் பேசிய நீண்ட பேச்சு அதுதான். "நீ"க்குப் பிறகு எது வேண்டுமானாலும் வரலாம், "போ" என்றுகூட வரலாம் என்று அவளுக்குத் தோன்றியது. கொஞ்சம் கழித்து வருவதாகத் தங்கைக்குச் சொல்லி அனுப்பினாள். மழைக்காலம் முடியும்போது அடுத்த சொல் விழுந்தது: "போனா".

மறுநாளே சங்கத் தலைவர் வெட்டுக் கத்திரியோடு மணிக்கூண்டின் அடியில் வந்து நின்றார். "கட்டுப்பாடு கட்டுப்பாடுதாம்மா. பேசின வில்ல வெட்டித்தான் ஆகணும்."

"அவரு பேசலண்ணே. நெனச்சிருக்காரு."

"நெனச்சா எஃகுக்குக் கேக்குமா? இத்தனை வருஷமா ஏன் கேக்கல?"

"இவரு யோசிக்கிற வேகத்துக்குச் சின்ன வில்லுல என்னண்ணே தேறும்?"

கூட்டத்தில் கீரைக்காரம்மா குரல் கொடுத்தாள்: "தலைவரே, பாதியில வெட்டினா மீதிய நீங்கதான் தினம் வந்து சொல்லணும். எங்களுக்குத் தூக்கம் வராது." தலைவருக்கும் மனசுக்குள் அதே குறுகுறுப்பு. வாக்கியம் முடிகிற அன்று வெட்டுவதாகச் சொல்லிவிட்டுப் போனார்.

அதன் பின் ஊர் ஆளுக்கொரு முடிவு கட்டிப் பார்த்தது. நீ போனா செத்துடுவேன் என்றாள் கீரைக்காரம்மா. நீ போனா நிம்மதி என்ற நாவிதருக்கு அன்று ராத்திரிச் சோறு கிடைக்கவில்லை. ஆனால் வந்தது "அந்தச்". அதற்கடுத்து வந்தது "சின்ன". அந்தச் சொல்லோடு கடிகாரம் வாயை மூடிக்கொண்டதும் ஊர் முழுக்க ஒரே கிசுகிசு. சின்ன வீடா? இந்த ஊமைக் கோட்டானுக்கா? சுருள்காரி குடத்தை நங்கென்று இறக்கி வைத்தாள். "எந்தச் சின்ன?" அவர் பயந்துபோய் மேலே மணிக்கூண்டைப் பார்த்தார், கீழே அவளைப் பார்த்தார், மறுபடி "அதுவே சொல்லும்" என்றார். அந்த மாதம் அவள் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்தாள். மூட்டையில் இன்னும் இரண்டு சேலை ஏறியது. படகுக்காரரிடம் நாள் பேசி முடித்த பிறகு, ஒரு வெயில் காலையில், கடிகாரம் "அரம்" என்றது.

ஊருக்குச் சப்பென்று ஆகிவிட்டது. அரம் பல்லை ராவுகிற கருவி, பட்டறைக்குப் பட்டறை கிடப்பது. சுருள்காரி மட்டும் படகுத்துறை வரை போய்விட்டுத் திரும்பி வந்தாள். "எங்கன்னு" என்ற சொல்லுக்கு அவள் மாவு பிசைவதை நிறுத்திக் கேட்டாள். "நான்" என்றபோது கதவருகே வந்து நின்றாள். "யார்கிட்ட" என்றபோது தங்கை நேரிலேயே வந்திருந்தாள், அக்காவின் முகத்தைப் பார்த்துவிட்டு, "இத முன்னாடியே வாயால சொல்லித் தொலைச்சா என்ன மாமா?" என்று அவரைத் திட்டிவிட்டுப் போனாள். வில் கிட்டத்தட்ட முழுக்கப் பிரிந்து, முள் தள்ளாடிக்கொண்டிருந்த ஒரு சாயங்காலம், கடைசிச் சொல் வந்தது: "கேக்கறது".

அப்போது இருவரும் பட்டறையில் இருந்தார்கள், உலை அணைந்திருந்தது.

"எண்ணெய்க் கிண்ணத்துக்கு அடியில" என்றாள் அவள். "எப்பவும் அங்கதான் இருக்கு."

"தெரியும்."

"அப்புறம் எதுக்குக் கேட்டீங்களாம்?"

அவர் கையில் இருந்த சக்கரத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். வெளியே யாரோ கடையடைக்கும் சத்தம் முழுதாகக் கேட்டு ஓய்ந்தது. "நீ சொல்லணும்னுதான்."

அவள் எழுந்து போய் மூட்டையிலிருந்து சீப்பை எடுத்து மாடத்தில் வைத்தாள். சேலைகள் ஒரு வாரம் மூட்டையிலேயே இருந்தன.

தலைவர் கத்திரியோடு வந்தபோது கடிகாரம் நின்றுபோயிருந்தது. எவ்வளவு நேரமாக நின்றிருக்கிறது என்று சொல்லவும் யாரிடமும் வழியில்லை. அந்த நீளத்தில் இன்னொரு வில் சுருட்ட அந்த இருவரை விட்டால் ஆளும் இல்லை. கத்திரியைப் படியில் வைத்துவிட்டு, அவரே ஏறிச் சாவி கொடுத்தார்; மதியம் அது "நீ" என்றது. சுருட்டும்போது நினைக்கவும் கூடாது என்று சங்கத்துப் பலகையில் ஒரு வரி சேர்ந்தது. அதை மேற்பார்வை பார்க்க இதுவரை ஒருவரும் முன்வரவில்லை.

இப்போது மாதங்களை ஊர் அந்தச் சொற்களால்தான் சொல்கிறது. கல்யாணங்களை "சின்ன"வில் வைப்பதில்லை; "அரம்" வந்தால் கடனைத் தீர்க்க நல்ல காலம். பல்லழகர் பழையபடி "ம்" என்கிறார், சுருள்காரி அதில் எது எந்த "ம்" என்று அவருக்கே விளக்குகிறாள். வருடக் கடைசியில் "கேக்கறது" விழும்போது சந்தையில் யாராவது ஒருவர், தராசிலிருந்து கண்ணை எடுக்காமல், "எண்ணெய்க் கிண்ணத்துக்கு அடியில" என்று பதில் சொல்கிறார். பிறகு கடிகாரம் நிற்கிறது. சாவி கொடுக்க ஒருவர் ஏறுகிறார்.