சேர்ந்து வாழச் சம்மதம்

வழக்குப் போட்ட வருஷம் சந்தனமேரியின் மகள் கத்தரீனாள் மூன்றாம் வகுப்பில் இருந்தாள். எஸ்டேட் பள்ளிக்கூடம் நாலாம் வகுப்போடு முடிந்துவிடும். அதற்கு மேல் படிக்க வண்டிப்பெரியாருக்குப் பஸ்ஸில் போகவேண்டும். கொழுந்து கிள்ளுகிற ஒருத்தியின் சம்பளத்தில் அது நடக்காது. அதனால்தான் புருஷன் மிக்கேலிடம் ஜீவனாம்சம் கேட்டு கோர்ட்டுக்குப் போனாள். மகள் நாலாம் வகுப்பை முடித்து வீட்டில் உட்கார்ந்தும் ஒரு வருஷம் ஆயிற்று. வழக்கு முடியவில்லை.

மிக்கேல் கம்பம்மெட்டில் ஏலக்காய் ஜீப் ஓட்டினான். அங்கே வேறொருத்தியோடு குடும்பம். சம்மன் கொண்டுபோகிற ஆள் மேடு ஏறினால் இவன் ஜீப்போடு கம்பத்துக்கு இறங்கிவிடுவான். அது தமிழ்நாடு, வேறு மாநிலம். ஒருவழியாகச் சம்மன் போய்ச் சேர்ந்தபோது அவனுடைய வக்கீலுக்குக் காய்ச்சல். காய்ச்சல் விட்டபோது மாஜிஸ்திரேட் மாற்றலாகிப் போனார். ஒவ்வொரு வாய்தாவுக்கும் சந்தனமேரிக்கு ஒரு நாள் கூலி போனது.

அந்த மே மாதம் கத்தரீனாளுக்குப் புதுநன்மை. முதன்முதல் நற்கருணை வாங்கும் பிள்ளையின் இரண்டு பக்கமும் தாயும் தகப்பனும் முழந்தாளிட வேண்டும் என்பது அந்த எஸ்டேட் கோயிலில் வழக்கம். தகப்பன் செத்திருந்தால் மாமன் வரலாம். உயிரோடு இருந்தும் வராவிட்டால் பிள்ளைக்குக் கடைசி வரிசை.

கோயில் உபதேசியார் சூசையப்பன், தொழிலாளர் வீடுகள் வரிசையாக இருக்கும் லயத்துக்கு வந்தார்.

"ஒரு நாளைக்குத்தான மேரி. பிள்ளை மொகத்தப் பாரு. நான் போயி அவன்கிட்டப் பேசுறேன்."

"கேஸு நடக்குதே, உபதேசியாரே."

"கோர்ட்டு வேற, கோயிலு வேற."

பக்கத்து வீட்டு மதலேனம்மாள் வெற்றிலையைத் துப்பிவிட்டுச் சொன்னாள்: "சம்மனுக்கு ஆப்புடாதவன் சாப்பாட்டுக்கு ஆப்புடுவான். கூப்பிட்டுப் பாருங்க."

வந்தான். மகள் பக்கத்தில் முழந்தாளிட்டான். பிறகு லயம் முழுவதற்கும் தன் கையாலேயே சோறு போட்டான். "எம் மக விசேஷம், கூச்சப்படாம சாப்பிடுங்க" என்றான். மழை பிடித்துக்கொண்டது, கடைசி பஸ் போய்விட்டது. சந்தனமேரி முன்னறையில் ஒரு கம்பளியைப் போட்டாள். காலையில் காப்பி குடித்துவிட்டுப் போனான். புருஷன் விட்டுப்போனவள் என்ற பேச்சு லயத்தில் கொஞ்ச நாள் ஓய்ந்திருந்தது. அவளுக்கு அது பிடித்திருந்தது.

அடுத்த வாய்தாவில் மிக்கேலின் வக்கீல் உபதேசியாரைக் கூண்டில் ஏற்றினார். பொய் சொல்லத் தெரியாத மனிதர் வேண்டியிருந்தது. கிடைத்தார்.

"ரெண்டு பேரும் கோயிலில் சேர்ந்து நின்னாங்களா?"

"நின்னாங்க."

"அவள் வீட்டில் சாப்பிட்டானா?"

"அவன்தான் பரிமாறுனான்."

"ராத்திரி?"

"மழை பேஞ்சுச்சு..."

"மழையைக் கேக்கலை. எங்கே படுத்தான்?"

"அங்கதான்" என்றார் சூசையப்பன். அதன் பிறகு சந்தனமேரி பக்கம் திரும்பவில்லை.

மிக்கேல் கையைக் கட்டிக்கொண்டான். "வச்சுக் காப்பாத்த நான் தயாருங்கய்யா. அவதான் வரமாட்டேங்கா."

தகுந்த காரணம் இல்லாவிட்டால் ஜீவனாம்சம் கிடையாது, ஏன் போக மறுக்கிறாய் என்று மாஜிஸ்திரேட் கேட்டார். சந்தனமேரியின் வக்கீல் குனிந்து, "அந்த இன்னொருத்தி விஷயத்தைச் சொல்லு. ஓணம் கழிஞ்சு சாட்சி கொண்டுவரலாம்" என்றார்.

ஓணம் கழிந்து என்றால் இன்னும் மூன்று மாதம். பள்ளிக்கூடம் திறக்க ஒரு வாரம்தான் இருந்தது. அவன் வீட்டு அடுப்படியில் கிடந்தாலும் பரவாயில்லை, கூடவே இருந்தால் மகளைப் பள்ளியில் சேர்க்காமல் அவனால் தப்பமுடியாது என்று அவளுக்குத் தோன்றியது.

"போறேன்யா. இன்னைக்கே போறேன். பிள்ளையையும் கூட்டிக்கிட்டு."

மிக்கேலின் வக்கீல் அவனைப் பார்த்தார். அவன் தரையைப் பார்த்தான். சேர்ந்து வாழச் சம்மதம் என்று எழுதி, அவனிடம் கையெழுத்தும் அவளிடம் கைநாட்டும் வாங்கினார்கள். இத்தனை வருஷம் முடியாத வழக்கு டீ நேரத்துக்கு முன்னால் முடிந்தது.

"லயத்துல ரெடியா இரு. ஜீப்ப எடுத்துட்டு வாரேன்" என்றான் வெளியே வந்து.

சட்டி பானையைக் கட்டிவைத்துக் காத்திருந்தாள். ஜீப் வரவில்லை. மறுநாளும் வரவில்லை. அவளே கம்பம்மெட்டுக்குப் போனாள். வீடு பூட்டியிருந்தது. அந்த இன்னொருத்தியையும் கூட்டிக்கொண்டு கம்பத்துக்கே குடிபோய்விட்டான் என்றார்கள். மறு பஸ்ஸில் வக்கீலிடம் போனாள்.

"கேஸை மறுபடியும் எடுக்கச் சொல்லுங்கய்யா."

"அது தீர்ந்துபோச்சு. நீதானே கைநாட்டு வச்சது? இனி புதுசா மனு போடணும். சம்மன் போகணும்."

"எங்க போகும்?"

வக்கீல் வேறொரு கேஸ் கட்டை அவிழ்த்துப் பார்க்க ஆரம்பித்தார்.

பள்ளிக்கூடம் திறந்த நாளன்று சந்தனமேரி மகளையும் கூட்டிக்கொண்டு, வேலைக்குப் பேர் கொடுக்கும் பெரட்டுக்குக் கொஞ்சம் முன்னதாகவே கிளம்பினாள். வேலைக்குப் போகிறவர்கள் கைக்குழந்தைகளை விட்டுப்போகும் பிள்ளைக்காம்பராவில் தொட்டில் ஆட்ட ஒரு ஆள் தேவைப்பட்டது. மதியச் சோறு போடுவதாக ஆயா சொல்லியிருந்தாள். வாசலிலேயே அழுகிற குழந்தை ஒன்றைத் தூக்கிக் கத்தரீனாளின் இடுப்பில் வைத்தாள்.

"படிக்கப் போகலையா இவ?"

"அடுத்த வருஷம்" என்றாள் சந்தனமேரி. பெரட்டு மணி அடிக்கவே கூடையை மாட்டிக்கொண்டு நடந்தாள்.