மணிக்குப் பெயர் வந்த வகை

1

இந்தக் கதை எனக்கு ஒரு மூக்குக்கண்ணாடிக் கடையில் கிடைத்தது. கடைக்காரிக்கு நிறைமாதம். என் கண்ணாடியின் திருகாணியை முடுக்கிக்கொண்டே, பிறக்கப்போகும் பிள்ளைக்கு இப்போதே பெயர் வைத்தாகிவிட்டது என்றாள். மணி. ஆணானாலும் மணி, பெண்ணானாலும் மணி.

"ஏன் அந்தப் பேருன்னு மட்டும் கேக்காதீங்க சார்."

எழுதுகிறவனிடம் கேட்காதே என்றால் சும்மா இருப்பானா? கேட்டேன். சொன்னாள். "எழுதினா நாயோட நிறத்தையாவது மாத்திடுங்க."

(மாற்றிவிட்டேன்.)

2

மாலை வெயில் கண்ணாடிச் சட்டங்களின் மேல் பொன்னாக... வேண்டாம். அந்தக் கடையில் ஜன்னலே கிடையாது.

வேறு தொடக்கம். மணி என்றால் ரத்தினம், மணி என்றால் பாசி, மணி என்றால் தானியம். அகராதி அடுக்கிக்கொண்டே போகிறது, நாயைப் பற்றி ஒரு வரி இல்லை. ஆனால் தெருவில் நின்று அந்தப் பெயரைக் கூப்பிட்டுப் பாருங்கள். ஓர் அண்ணன் திரும்புவார், ஓர் அக்கா திரும்புவார், ஒரு வாலும் ஆடும்.

அவளுடைய மணி, பிறந்த வீட்டில் வளர்ந்த கறுப்பு நாய். பரீட்சையில் அவள் கோட்டை விட்ட அன்று வீட்டில் ஆளாளுக்கு வறுத்தெடுத்தார்கள். கட்டிலுக்கடியில் அவளோடு வந்து படுத்துக்கொண்டது அது ஒன்றுதான். "அந்த மனசு என் பிள்ளைக்கு வரணும் சார், அவ்ளோதான்."

3

சிக்கல், மாமியார். (மாமியார் என்றதும் கொடுமைக்காரி என்று முடிவு கட்டாதீர்கள். இவர் தங்கமானவர். கொடுமைக்காரியாக இருந்திருந்தால் கதையை அரைப் பக்கத்தில் முடித்திருப்பேன்.)

பெயரைக் கேட்டதும் அந்த அம்மா அழுதுவிட்டார். மருமகள் வருவதற்கு முன்பே போய்ச் சேர்ந்த மாமனாருக்கு நீளமாக ஏதோ பெயர். சிநேகிதர்கள் கூப்பிட்டதோ மணி என்று. அது இவளுக்குத் தெரியாது. பேருந்து ஓட்டும் புருஷனோ, தெரிந்துதான் வைத்தாள் என்று பணிமனை முழுக்கப் பெருமையடித்துவிட்டான்.

"இருந்த வரைக்கும் 'ஏங்க'ன்னுதான் கூப்பிட்டேன்," என்றார் மாமியார். "பேரச் சொல்ல வாய் வரல. இனிமே நாள் பூரா சொல்லலாம்."

மருமகளுக்குப் பகீரென்றது. உண்மையைச் சொன்னால் அந்த அம்மா நொறுங்கிப்போவார். சொல்லாவிட்டால் காலம் முழுக்க ஒரு பொய்க்காக நல்ல மருமகள் பட்டம்.

4

முடிவு ஒன்று: சொல்கிறாள், மாமியார் விழுந்து விழுந்து சிரிக்கிறார். எழுதிப் பார்த்தேன். இவ்வளவு நல்லவர்கள் எனக்குச் சொந்தத்தில் யாரும் இல்லை.

முடிவு இரண்டு: வேறு பெயர் வைத்துவிடுகிறார்கள். இது முடிவல்ல, நழுவல்.

முடிவு மூன்று: கனவில் நாய் வந்து... சீ.

சரி, நடந்தது வரைக்கும் சொல்கிறேன். சொல்லிவிடுவது என்று துணிந்து அவள் அடுக்களைக்குப் போனாள். மாமியார் பாத்திரம் கழுவியபடி பெயரைச் சொல்லிப் பழகிக்கொண்டிருந்தார். "ம..." அதற்கு மேல் வரவில்லை.

"நீ ஒரு தடவ கூப்பிட்டுக் காட்டும்மா. எனக்குக் கூச்சமா இருக்கு."

அவளுக்கு அந்தப் பெயரை ஒரே விதமாகத்தான் கூப்பிடத் தெரியும். "மணீ... வாடா, வந்துடு."

மாமியார் குழாயை மூடினார்.

"அவர நீ பாத்ததுகூட இல்லையேம்மா. எப்படி இவ்ளோ ஆசையா கூப்பிடுற?"

மருமகள் வாயைத் திறந்தாள். இந்த இடத்தில் நான் பேனாவை மூடிவிட்டேன். பதிலை நீங்கள்தான் சொல்ல வேண்டும். சீக்கிரம் சொல்லுங்கள், அந்த அம்மா ஈரக் கையோடு நிற்கிறார்.