காலரில் இருந்த மைக்

அக்கா எடுத்த ஆவணப்படத்துக்குத் தம்பிதான் நாயகன். ஊரில் வேறு குடிகாரனே கிடைக்கவில்லையா என்று சொந்தக்காரர்கள் வாய்க்கு வந்தபடி பேசினார்கள். அவள் காதில் போட்டுக்கொள்ளவில்லை. குடியை விட்டு அவன் எழுந்து நிற்பதைப் படம் பிடித்துவிட்டால் மறுபடி விழ வெட்கப்படுவான் என்று நம்பினாள். நம்பிக்கை நல்லதுதான். கூடவே படமும் பிரமாதமாக வரவேண்டும் என்ற ஆசை இருந்ததே, அதுதான் வினை.

காலையில் தம்பியை வெளியே அனுப்பிவிட்டு, முன்பு அவன் பாட்டிலை ஒளித்துவைத்த இடங்களைப் படமெடுத்தார்கள். கடைசியாகக் குளியலறை ஃப்ளஷ் தொட்டி.

"சும்மா கலர் தண்ணி ஊத்தி வெக்கலாமே," என்றான் கேமராக்காரன். கேமராவை விட்டு நகராதவன் என்பதால் அவனுக்கு முக்காலி என்று பெயர்.

"சீல் உடையாததுதான் வேணும். போலின்னா பாக்கறவங்களுக்குத் தெரிஞ்சிடும்," என்று அவளே போய் வாங்கி வந்தாள். காட்சி முடிந்ததும் பாட்டிலை முக்காலி எடுப்பான் என்று அவள் நினைத்தாள். அவள் எடுத்திருப்பாள் என்று அவன் நினைத்தான்.

மதியம் கடைசிப் பேட்டி. தம்பியின் காலரில் சின்ன மைக்கைக் குத்திவிட்டு அக்கா ஹெட்ஃபோனை மாட்டிக்கொண்டாள்.

"பாத்ரூம் போயிட்டு வந்துடறேன்க்கா," என்று எழுந்தான். மைக்கைக் கழற்ற யாருக்கும் தோன்றவில்லை.

கதவைச் சாத்தித் தாழ்போடுவது ஹெட்ஃபோனில் கேட்டது. ஃப்ளஷ் கைப்பிடி தண்ணீர் வராமல் கடகடத்தது. பிறகு தொட்டியின் பீங்கான் மூடி நகரும் சத்தம். காலையில் வைத்த பாட்டில் அக்காவுக்கு அப்போதுதான் நினைவு வந்தது.

"அக்கா..." அவள் காதுக்குள்ளேயே பேசினான். "தண்ணி வரலைன்னு மூடியத் திறந்தேன். உள்ள ஒண்ணு இருக்கு. என்னோடது இல்லக்கா, சத்தியமா நான் வெக்கல. கீழ வெக்க முடியல. சீக்கிரம் வாக்கா."

ஓடியிருக்க வேண்டும், பாவி. அதற்கு முன் அவள் கண் ரெக்கார்டரின் சிவப்பு விளக்குக்குப் போனது. எரிகிறதா? எரிந்தது. ஒரு மூச்சு நேரம்தான். அதற்குள் பாட்டில் மூடியின் சீல் நறுக்கென்று உடைந்தது.

இரண்டு கையாலும் கதவில் அறைந்தாள். "தொறடா! அது நான் வெச்சதுடா! கொட்டிடுடா கண்ணா!"

மடக் மடக்கென்று அவன் விழுங்குவது இரண்டு காதிலும் கேட்டது. ஹெட்ஃபோனைக் கழற்றி எறியக்கூட அவளுக்குத் தோன்றவில்லை. முக்காலி ஓடிவந்து தோளால் கதவை முட்டினான், கதவு அசையவில்லை.

கடைசியில் தாழ்ப்பாளைத் தம்பியே நீக்கினான். சட்டை நனைந்திருந்தது. பாட்டிலில் பாதி இல்லை. திட்டு விழும் என்று பயந்தவன்போல நின்றான்.

"மன்னிச்சிடுக்கா. உன் படத்தக் கெடுத்துட்டேன்."

படம் ஒன்றும் கெடவில்லை, எல்லாம் பதிவாகியிருந்தது. அவனை இறுகக் கட்டிக்கொண்டாள். அவன் காலரிலிருந்த மைக் வழியாக அவளுடைய அழுகையே அவள் காதுக்குள் வந்து விழுந்தது.