எட்மண்டனில் ஒரு முழுச் சாவு

கிழக்கு லண்டன் பிளேஸ்டோவில் எங்கள் பக்கத்து வீட்டுக்காரர் தோர்பியோன் ஒரு சுவீடன் நடிகர். அவருடைய உயரத்துக்கு, எங்கள் தெருவில் மழை முதலில் அவர் தலையில் விழுந்து, பிறகுதான் மிச்சம் எங்களுக்கு வரும். ஸ்டொக்ஹோமில் மேடை, லண்டனில் சினிமா என்று ஆயுள் முழுக்க நடித்தவர். கதாநாயகனாக மட்டும் ஒருநாளும் இல்லை. படகோட்டி, பாதிரியார், கதவு திறக்கும் வேலைக்காரன். எந்த வேஷமானாலும் கதை முடியமுதல் செத்துப்போவார். இவரைத் தேடி வந்து வந்தே எமனுடைய எருமைக்கு முழங்கால் தேய்ந்திருக்கும்.

ஒருநாள் வேலிக்கு மேலால் என் கறிவேப்பிலைக் கன்றைப் பார்த்தபடி தன் குறையைச் சொன்னார். பேச்சு ஆங்கிலம்; 'அண்ணை' மட்டும் நான் பழக்கியது.

"தவா அண்ணை, என்னை ஒருவரும் கடைசிவரை சாக விட்டதில்லை. நான் விழுந்தவுடன் கமரா கதாநாயகனின் கண்ணீருக்குப் போய்விடும். மேடையிலும் விளக்கு மற்றப் பக்கம் திரும்பிவிடும். மிச்சச் சாவை நான் இருட்டில் தனியாகச் செத்து முடிக்கவேண்டும்."

வயது எண்பதைத் தாண்டிவிட்டது. இனி யார் கூப்பிடப்போகிறார்கள்?

நான்தான். வட லண்டன் எட்மண்டனில் எங்கள் தமிழ்ச் சங்கத்துக் கோட்டைச் சண்டை நாடகத்துக்கு, வெட்டுப்பட்டுச் சாக ஓர் ஒல்லாந்த, அதாவது டச்சு, தளபதி தேவைப்பட்டார். போனமுறை இயக்குநர் குலசேகரம் தன் மைத்துனருக்குப் பவுடர் பூசி வெள்ளைக்காரன் ஆக்கியதில் முன்வரிசை முழுக்கத் தும்மிக்கொண்டிருந்தது.

"சுவீடனிலை இவர் றோட்டிலை இறங்கினா ட்ராம் நிண்டு வழிவிடும்," என்றேன் குலசேகரத்திடம். "அரண்மனையிலை இவருக்கெண்டு ஒரு கதிரை போட்டிருக்கு."

"அண்ணை, நீங்கள் சொல்லுறதிலை முக்காவாசியைக் கழிச்சாலும் ஆள் பெரிய ஆள்தான். கூட்டிக்கொண்டு வாங்கோ. ஆனா வெட்டு விழுந்த உடனை சாகவேணும், சொல்லிப்போட்டன். அனுசனுக்கு நீள வசனம் கிடக்கு."

அனுசன்தான் கதாநாயகன், பகலில் பல் வைத்தியர். விஷயத்தைச் சொன்னதும் தோர்பியோன் தொப்பியைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "திரும்பவும் அவசரச் சாவா?" என்று மட்டும் கேட்டார்.

"நீங்கள் ஆறுதலாகச் சாகுங்கோ. மிச்சத்தை நான் பாக்கிறன்," என்றேன். எப்படிப் பார்ப்பது என்று எனக்கே தெரியாது.

ஞாயிறு பின்னேரம் நாடகம். அனுசனின் மரவாள் விழுந்தது. தோர்பியோன் விழவில்லை. யாரோ தூரத்தில் பெயர் சொல்லிக் கூப்பிட்டதுபோலத் தலையைச் சரித்துக் கேட்டார். கைக்குழந்தைகள் அழுகையை நிறுத்தின. பின்னால் மட்டன் ரோலுக்கு நின்ற வரிசை அப்படியே திரும்பியது. மண்டபத்துக்குள் பனி பெய்யத் தொடங்கியது. சத்தியமாகச் சொல்கிறேன், என் மடியிலும் விழுந்தது. மேடை இருந்த இடத்தில் உறைந்த ஏரி ஒன்று. அக்கரையில் ஒரு வீடு, திறந்த கதவு, உள்ளே மஞ்சள் வெளிச்சம். அவர் அந்தப் பக்கமாக ஓர் அடி வைத்தார்.

எங்கள் ஆட்களுக்கு எதையாவது பிடித்துவிட்டால் உடனே அதற்குப் பொன்னாடை போர்த்தவேண்டும். சங்கத் தலைவி தவநாயகி மைக்கும் கையுமாக மேடையேறிவிட்டார்.

"இப்பேர்ப்பட்ட கலைஞரை இப்பவே கௌரவிக்காட்டி வேறை எப்ப கௌரவிக்கிறது?"

பாதி செத்த தளபதியின் தோளில் சரிகை விழுந்தது. படம் எடுத்தார்கள். பனி நின்றது, ஏரி உருகியது. அனுசன் இதுதான் சமயமென்று "ஏ கோட்டையே!" என்று தன் வசனத்தைத் தொடங்கினான். விளக்கு அவன் பக்கம் திரும்பியது. இருட்டுக்குள் தோர்பியோன் என்னைப் பார்த்தார்.

நான் எழுந்து, எட்மண்டனில் கத்தியது லண்டனின் மறுகோடி குரோய்டனில் கேட்கும்படி கத்தினேன்: "ஒன்ஸ் மோர்!"

எங்கள் சனத்துக்கு அது தொற்றுநோய். மண்டபமே "ஒன்ஸ் மோர்!" என்றது.

"தம்பி அனுசன், நீ பொறடா! மனுசனைச் சாக விடு!" என்றது பின்வரிசை.

குலசேகரம் பக்கத்திரைக்குள் இருந்து தலையை நீட்டினார். "செத்த ஆள் திருப்பிச் சாகேலாது!"

"அந்தாள் எங்கை செத்தது? நீங்கள்தானே விடேல்லை!"

தோர்பியோனிடம் ஒருவரும் ஒரு சாவைத் திருப்பிக் கேட்டதில்லை. அவர் அனுசனுக்குத் தலைவணங்கி நெஞ்சைக் காட்டினார். அனுசன் முகத்தை நீட்டிக்கொண்டு மறுபடி வெட்டினான். விளக்கு இவரிடமே திரும்பி வந்தது.

அவர் செத்து முடிப்பதற்குள் இரண்டு அரசாங்கங்கள் மாறியிருக்கும். பனி முழங்கால் வரை ஏறியது. பொன்னாடையை ஆறுதலாக மடித்தார். ஏரியைக் கடந்தார். வீட்டுக்கு வந்து சேர்ந்த ஆள் மாதிரி, மடித்த பொன்னாடையைத் தலைக்கு வைத்துப் படுத்தார். கடைசி மூச்சு கூரை வரை போனதை எல்லோரும் அண்ணாந்து பார்த்தோம்.

நிஜமாகவே செத்துவிட்டார் என்றுதானே நினைக்கிறீர்கள்? அதுதான் இல்லை. திரை மூடும்வரை பிணம் எழும்பக்கூடாது என்பது அவருடைய தொழில் விதி. எங்கள் மண்டபத்திலோ முன்திரையே கிடையாது. கைதட்டல் முடிந்தது, அனுசனின் வசனம் முடிந்தது, நன்றியுரையும் முடிந்தது. மனுஷன் அசையவில்லை. கடைசியில் நானும் குலசேகரமும் ஒரு மேசைவிரிப்பை ஆளுக்கொரு முனையாக, கூத்துக்குத் திரை பிடிப்பதுபோல, அவர் முன்னால் பிடித்தோம்.

விரிப்புக்குப் பின்னால் ஒரு கண் திறந்தது.

"தவா அண்ணை, விளக்கு கடைசிவரை இருந்ததா?"

"ஓம். இன்னும் உங்களிலைதான் நிக்குது. எழும்புங்கோ, ரோல் ஆறுது."

அவர் எழும்பவில்லை. "இன்னும் கொஞ்சம் பிடியுங்கள்," என்று கண்ணை மூடிக்கொண்டார். பிடித்துக்கொண்டு நின்றோம். குலசேகரத்தின் மீசையில் பனி ஒட்டியிருந்தது.