ஆறு முக்காலிகள்

உலகத் தொழிலாளர் வரலாற்றில் தனி அத்தியாயமாகச் சேர்க்கத்தக்க செய்தி ஒன்றை, அபிராமபுரம் வக்கீல் ஸ்ரீனிவாசராகவனாகிய நான் வெளியிடுகிறேன். தியாகராய நகர்ப் புடவைக் கடையில் விற்பனை வேலையில் நிற்கும் பெண்கள், வாடிக்கையாளர் இல்லாத நேரத்தில் உட்காரலாமா என்ற மாபெரும் கேள்விக்கு, பன்னிரண்டு வருஷம் கழித்து, 1997 ஜூலையில் தொழில் தீர்ப்பாயம் விடை கண்டுவிட்டது. அந்தக் கேள்வி இப்போது எழவில்லை என்பதே விடை.

கேட்டது ஆறு முக்காலி. மனுவில் கையெழுத்துப் போட்டது ஆறு பெண்கள். முதல் கையெழுத்து முத்தம்மா. 'வாய்க்கொழுப்பு' என்று முதலாளி எல்லார் முன்னாலும் சொன்னது அவளைத்தான். முக்காலி வராவிட்டாலும் போகட்டும், கேட்டது நியாயம் என்று கோர்ட்டுக் காகிதத்தில் ஒரு வரி வேண்டும் என்பாள்.

வாய்தாக்கள் மொத்தம் அறுபத்தொன்று. பெரும்பாலானவை எதிர்த்தரப்பு வாங்கியவை என்று மேடைகளில் முழங்கியிருக்கிறேன். கடைசி வாதத்துக்குத் தேதி குறித்தது 1995 டிசம்பரில். அன்று காலை சபாவில் எனக்கு முன்வரிசை இடம் கிடைத்திருந்தது. 'தவிர்க்க முடியாத சொந்தக் காரணம்' என்று வாய்தா கேட்டு மனுப் போட்டேன். கச்சேரி சுமார்தான். வாதத்துக்கு மறுதேதி வருமுன், அடுத்த ஆடி மாத விற்பனை முடிந்ததும் கடையை இடித்துவிட்டார்கள்.

உத்தரவு வந்த அன்று சாயங்காலம் முத்தம்மா என் அறைக்கு வந்தாள். வழக்கம்போல் அலமாரியில் ஒரு கையை ஊன்றி நின்றுகொண்டாள்.

"இன்னா சார் சொன்னாரு ஜட்ஜி?"

"கேஸ் முடிஞ்சுடுத்தும்மா."

"கேட்டது நாயம்னு எய்திக்கீறாரா?"

"கடையே இல்லையேம்மா. முக்காலியை எங்க போடச் சொல்றது? அதனால நியாயம் அநியாயத்துக்குள்ள அவர் போகலை."

"கடை பூட்ச்சு சார். நான் கீறேன்ல?"

இதற்குச் சட்டப் புத்தகத்தில் பதில் உண்டு.

"முட்டி ரெண்டும் தேஞ்சி கீது. கடை இல்லாங்காட்டி இன்னா, இத்தப் பாத்து எய்தச் சொல்லக் கூடாதா?" என்று சிரித்தாள். "அந்த டிசம்பர்ல ஒனக்கு ஒடம்பு இன்னா சார்? நெலமை மோசம்போலனு பொம்பளைங்க நாங்க அல்லாரும் கோயில்ல வெளக்கு போட்டோம்."

மேஜைமேல் இருந்த பேனாவைத் திறந்தேன், மூடினேன். உடம்புக்கு ஒன்றுமில்லை என்று சொல்ல ஆரம்பித்து, "இப்போ தேவலாம்மா" என்றேன்.

பெரிய மனுஷத்தனமாக எதையாவது செய்தாக வேண்டும் போலிருந்தது.

"நிக்கறியேம்மா, உக்காரு."

முத்தம்மா அறையைச் சுற்றிப் பார்த்தாள்.

"எங்க சார்?"

கட்சிக்காரர்களுக்கென்று என் அறையில் இரண்டு நாற்காலிகள் உண்டு. இரண்டிலும் வழக்குக் கட்டுகள் இருந்தன. ஒன்று அவளுடையது.