இழுத்துச் சொன்ன சொல்

ஹோப்டன் பிரிசெட்டை லெபர்ட் டல்லக்குக்குப் பிடிக்காது. மலையில் எல்லோருக்கும் அது தெரியும். இரண்டு பேர் தோட்டத்துக்கும் நடுவில் நிற்கிற சீமைப்பலா மரம் யாருடையது என்ற சண்டையில் பேச்சு நின்றது. அப்போது இடுப்பளவு இருந்த மரம் இப்போது கூரைக்கு மேலே போய்விட்டது.

அதனால்தான் லெபர்டுக்குச் சோறு இறங்கவில்லை. கடைக்கார மிஸ் டாஃப்னியின் ஆடுகள் காணாமல் போன கேஸில் ஹோப்டனைப் பிடித்து வைத்திருந்தார்கள். அவன் வீட்டுக்குப் பின்னால் ஆட்டுக் கயிறு கிடந்ததாம். ஆட்டுக் கயிறு யார் வீட்டில்தான் கிடக்காது? மற்றபடி சாட்சி என்று இருந்தது லெபர்ட் ஒருவர்தான். கொட்டுகிற மழையில், தலையில் சாக்கைக் கவிழ்த்துக்கொண்டு ஒருவன் அந்த ஆடுகளை ஓட்டிக்கொண்டு போனதை அவர் பார்த்தார். முகத்தைப் பார்க்கவில்லை.

"ஹோப்டன் மாதிரி இருந்துச்சா?" என்று போலீஸ்காரன் கேட்டான்.

"ரெண்டு கால் இருந்துச்சு. ஹோப்டனுக்கும் ரெண்டு கால்தான். உனக்கும் ரெண்டு கால்தான்."

"இந்த வாயெல்லாம் கோர்ட்டுல வேணாம், மாஸ் லெபர்ட். அங்க இங்கிலீஷ்தான். உங்க மலைப் பேச்சைக் கேட்டா ஜட்ஜ் உங்களையே தூக்கி உள்ள வெச்சிருவாங்க."

மலையில் பெரியவர்களுக்குப் போடுகிற 'மாஸ்' போட்டு, அவன் விளையாட்டுக்குத்தான் சொன்னான். லெபர்ட் அப்படி எடுத்துக்கொள்ளவில்லை. சின்ன வயதில் வீட்டுப் பேச்சைப் பள்ளிக்கூடத்தில் பேசியதற்காக உள்ளங்கையில் பிரம்படி வாங்கியிருக்கிறார். அதோடு பள்ளிக்கூடத்தை விட்டார். இங்கிலீஷ் பேசுகிற யாரையும் அப்புறம் அவர் நம்பியதில்லை.

ஹோப்டனின் மனைவி அர்லீன் அவருடைய கிழங்குத் தோட்டத்துக்கே வந்து நின்றாள்.

"மரத்த நீங்களே வெச்சுக்கங்க, மாஸ் லெபர்ட். அவரை மட்டும் விட்ருங்க."

"மரத்தக் குடுத்து என்னை வாங்க வந்தியா? பாத்ததத்தான் சொல்லுவேன். போ."

அவள் அழுதுகொண்டே போனாள். பார்த்ததைச் சொன்னால் அவள் புருஷனுக்கு நல்லதுதான் என்பதைச் சொல்லியிருக்கலாமே என்று அப்புறம்தான் அவருக்கு உறைத்தது. அதற்குள் அவள் வளைவு தாண்டிவிட்டாள். ஓடிப்போய்ச் சொல்கிற பழக்கம் லெபர்டுக்கு இல்லை.

தன் வாய் தவறியதில் ஹோப்டன் உள்ளே போனால் மலை என்ன சொல்லும்? கிழவன் மரத்துக்காகப் பழி வாங்கிவிட்டான் என்று சொல்லும். சாகிற வரைக்கும் சொல்லும். செத்த பிறகும் சொல்லும்.

ஆகவே சர்ச் கூடத்தில் டீச்சர் வெரோனா நடத்துகிற சாயங்கால இங்கிலீஷ் வகுப்பில் போய் உட்கார்ந்தார். பின் பெஞ்சு, கையில் வெட்டுக்கத்தி.

"கத்தி எதுக்கு, மாஸ் லெபர்ட்?"

"தோட்டத்துலேருந்து நேரா வரேன். நீ அடிக்கலைன்னா அதுக்கு வேலை இல்லை."

வகுப்பில் அப்போது ஒரு கதை வாசித்துக்கொண்டிருந்தார்கள். பனி பெய்கிற ஊரில் ஒருத்தன் ஜன்னலுக்கு வெளியே நின்று ஒரு பெண்ணை நினைத்து ஏங்குகிறான். லெபர்ட் கொஞ்ச நேரம் கேட்டார்.

"குளிருதுன்னா கதவைத் தட்ட வேண்டியதுதானே? என்ன ஆளு இவன்?"

கூடமே சிரித்தது. டீச்சரும் சிரித்தாள். ஆனால் லெபர்டின் நாக்கு விஷயத்தில் அவள் சிரிக்கவில்லை. மலைப் பேச்சில் 'கியன்' என்றால் முடியும். அதையே இழுத்து 'கியான்' என்றால் முடியாது. குறிலா நெடிலா என்பதுதான் வித்தியாசம், வேறொன்றும் இல்லை. மலையில் ஒரு குழந்தைக்கும் இதில் குழப்பம் வராது.

"அங்க போய் ஆடு கத்துற மாதிரி இழுக்காதீங்க," என்றாள் டீச்சர். "முடியும்னா 'கேன்'. முடியாதுன்னா 'கேன்ட்'. கடைசியில 'ட்' இருக்கு பாருங்க, அதை மட்டும் முழுங்கிராதீங்க."

லெபர்ட் கிழங்கு தோண்டும்போது சொல்லிப் பார்த்தார். கழுதையிடம் சொன்னார். "கேன்ட். கேன்ட். கேன்ட்." கழுதை காதை ஆட்டியது. ஒரு சொல்லை நறுக்கிப் பேசினால்தான் மனுஷன் என்று எந்தப் புண்ணியவான் கண்டுபிடித்தான் என்று திட்டிக்கொண்டே சொன்னார்.

கேஸ் நாளில் கல்யாணச் சட்டையைப் போட்டுக்கொண்டு கீழே டவுனுக்குப் போனார். கோர்ட் நிறைய ஆள். அர்லீன் முன் வரிசையில். டீச்சர் வெரோனாவும் வந்திருந்தாள். மாஜிஸ்திரேட் அம்மா தடித்த கண்ணாடிக்கு மேலாக எல்லோரையும் பார்த்துக்கொண்டிருந்தார். கூண்டில் ஹோப்டன் பாதியாக இளைத்துப்போய் நின்றான். அதைப் பார்த்ததும் லெபர்டின் தொண்டை காய்ந்தது.

லெபர்ட் சாட்சிக் கூண்டில் ஏறியதும் அரசு வக்கீல் எழுந்தார். "ஆடுகளை ஓட்டிக்கொண்டு போன ஆளின் முகத்தை உங்களால் பார்க்க முடிந்ததா?"

இழுக்காதே. நறுக்கிச் சொல். லெபர்ட் மூச்சைப் பிடித்து நறுக்கினார்.

"ஐ கேன் சீ ஹிஸ் ஃபேஸ்."

இழுக்கவில்லை. ஆனால் அந்தக் கடைசி 'ட்' காய்ந்த தொண்டையிலேயே தங்கிவிட்டது.

வக்கீல் சிரித்தபடி திரும்பினார். முன் வரிசையில் அர்லீன் "ஐயோ!" என்று வாயைப் பொத்திக்கொண்டாள். ஹோப்டன் லெபர்டைப் பார்த்தான். மரத்தை வெட்டுவேன் என்று அவன் கோடாலியோடு வந்த நாளில்கூட அப்படிப் பார்த்ததில்லை.

அப்போதுதான் லெபர்டுக்குத் தான் சொன்னது காதில் விழுந்தது.

"இல்ல! அது இல்ல! கேன் இல்ல, அந்த இன்னொண்ணு!"

"சாட்சி பேச்சை மாற்றுகிறார், யுவர் ஆனர்," என்றார் வக்கீல். "ஊர்க்காரர்களுக்குப் பயப்படுகிறார்."

"பயமா? எனக்கா? வெளிய வாடா நீ!"

"மிஸ்டர் டல்லக்!" மாஜிஸ்திரேட் அம்மா மேசையைத் தட்டினார். லெபர்டின் உள்ளங்கை தானாக மூடிக்கொண்டது. அந்த அம்மா கண்ணாடியைக் கழற்றி வைத்தார். குரல் மாறியது. மலைக் குரல். "அந்த இங்கிலீஷைக் கொஞ்சம் அந்தப் பக்கம் வைங்க. உங்க தோட்டத்துல எப்படிப் பேசுவீங்களோ அப்படிச் சொல்லுங்க."

லெபர்ட் நம்பவில்லை. பேச வைத்துச் சிரிக்கப் போகிறார்கள், இல்லாவிட்டால் உள்ளே போடப் போகிறார்கள்.

"உங்ககிட்ட கழுதை இருக்கா, மாஸ் லெபர்ட்?"

மாஸ் லெபர்ட் என்றே கூப்பிட்டுவிட்டார். "இருக்கு," என்றார் சந்தேகத்தோடு.

"கிழங்கு சுமக்குமா?"

"கியன்."

"மரம் ஏறுமா?"

"கியான்! கழுதை எங்கயாச்சும் மரம் ஏறுமா?"

"அன்னிக்கு மழையில, அந்த ஆளோட முகத்தைப் பாக்க?"

லெபர்ட் இரண்டு கையாலும் கூண்டுக் கட்டையைப் பிடித்துக்கொண்டார். நெஞ்சில் இருந்த காற்று மொத்தத்தையும் அந்த ஒரு சொல்லில் ஊற்றினார்.

"கியாஆஆஆன்!"

கோர்ட் வெடித்துச் சிரித்தது. வாசலில் நின்ற போலீஸ்காரன் சிரித்தான். டீச்சர் வெரோனா கண்ணைத் துடைத்துக்கொண்டாள். வக்கீலுக்கு மட்டும் சிரிப்பு வரவில்லை. அவருக்கும் அந்தச் சொல் தெரியாமல் இருந்திருக்காது. அவர் அம்மா அந்தச் சொல்லைச் சொல்லித்தானே அவரை வளர்த்திருப்பாள்.

"இதுக்கு மேல இழுத்தா கயிறு அறுந்துரும்," என்றார் மாஜிஸ்திரேட் அம்மா. "அவர் முகத்தைப் பாக்கலை. நல்லாவே கேட்டுச்சு." வேறு சாட்சி உண்டா என்று கேட்டார். இல்லை. ஹோப்டனை விட்டுவிட்டார்கள்.

லெபர்ட் வெளியே வந்தார். படியிலேயே உட்கார்ந்துவிட்டார். பல நாளாக நெஞ்சில் ஏறி உட்கார்ந்திருந்தது இறங்கிப் போனதில் உடம்பு பஞ்சாகிவிட்டது. அர்லீன் ஓடி வந்து அவர் கையைப் பிடித்துக்கொண்டாள். டீச்சர் வெரோனா பக்கத்தில் வந்து நின்றாள்.

"தப்பு என்னுதுதான், மாஸ் லெபர்ட். வியாழக்கெழம வகுப்புக்கு வாங்க. இந்தக் கதையை நீங்க சொல்லுங்க, நான் போர்டுல எழுதறேன். நீங்க சொல்ற மாதிரியே."

"இந்தப் பேச்சை எழுத முடியுமா?"

"கியன்," என்றாள் டீச்சர். இழுக்காமல்தான் சொன்னாள்.

மலைக்குப் போகிற டாக்ஸியில் எப்போதும்போல இரண்டு பேர் இடத்தில் நான்கு பேர். லெபர்டின் தோளோடு ஹோப்டனின் தோள் இடித்துக்கொண்டு வந்தது. முதல் வளைவு போனது, இரண்டாம் வளைவு போனது. அர்லீன் முழங்கையால் புருஷனைக் குத்தினாள்.

ஹோப்டன் தொண்டையைக் கனைத்தான். "அந்த மரம் இந்த வருஷம் நல்லாக் காய்ச்சிருக்குன்னாங்க. எங்க பக்கம் சாயற கெளைய நான் பறிச்சுக்கலாமா?"

லெபர்ட் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். அவர் ஒரே சொல்லில் பதில் சொல்லும்போது சரியாகப் பள்ளத்தில் விழுந்து டாக்ஸி தூக்கிப் போட்டது.

"என்ன சொன்னீங்க?" ஹோப்டன் குனிந்தான். "இழுத்தீங்களா, இழுக்கலையா?"

டிரைவர் முதற்கொண்டு எல்லோரும் சிரித்தார்கள். லெபர்ட் அடக்கிப் பார்த்தார், முடியவில்லை.

"காது என்ன செவிடா?" என்றார். "கியன். கியன். போய்ப் பறிச்சுக்க."