இருநூற்று நாற்பதாவது தவணை

சியோம்புவா செவ்வாய்க்கிழமை வங்கிக்குப் போனது பத்திரம் கேட்கத்தான். வீட்டுக் கடன் முடிகிறது என்று வருகிற ஞாயிற்றுக்கிழமை அவர்கள் முற்றத்தில் நன்றி செலுத்தும் கூட்டம் ஏற்பாடாகியிருந்தது. பாஸ்டர் முசெம்பி வீட்டுப் பத்திரத்தின் மேல் கை வைத்து ஜெபிப்பதாகச் சொல்லியிருந்தார். இருபது வருஷமாகப் பத்திரம் வங்கியில் கிடந்தது. இந்த மாதச் சம்பளத்தில் பிடித்துவிட்டால் இருநூற்று நாற்பது தவணை. அவள் கணவன் முலாண்டி ஒவ்வொரு சம்பளச் சீட்டையும் ஒரு பால்மாவு டின்னில் போட்டு வைத்து எண்ணிக்கொண்டு வந்தான்.

மேசைக்கு அந்தப் பக்கம் இருந்த இளம் அதிகாரி கணினியைப் பார்த்தான். பிறகு அவளைப் பார்த்தான்.

"அம்மா, உங்க கணக்கு இன்னும் முடியலயே."

"தெரியும் தம்பி. மாசக் கடைசில முடியும். பத்திரத்த முன்னாடியே தருவீங்களான்னு கேக்க வந்தேன்."

"மாசக் கடைசில இல்லம்மா. இன்னும் தொண்ணூத்தொரு மாசம் இருக்கு."

சியோம்புவா சிரித்தாள். வேறு யாருடைய கணக்கையோ திறந்துவிட்டான் என்று நினைத்தாள். அவன் திரையை அவள் பக்கம் திருப்பினான். ஊர் ஆத்தி ரிவர், மனை எண், முலாண்டியின் பெயர், அதற்குக் கீழே அவள் பெயர். எல்லாம் சரியாக இருந்தது. கடைசி வரியில் பாக்கி: பதின்மூன்று லட்சத்துப் பதினாலாயிரம் ஷில்லிங்.

அவர்கள் வாங்கியதே இருபத்திரண்டு லட்சம். இதுவரை கட்டியது அறுபத்தோரு லட்சத்துக்கு மேல். அதையும் திரைதான் சொன்னது.

"பத்து வருஷத்துக்கு முன்னாடி வட்டி பதிமூணுலருந்து பதினேழு ஆச்சில்ல," என்றான் அவன். "அப்ப ஒரு லெட்டர் வந்திருக்கும். மாசத் தவணைய முப்பதாயிரமா ஏத்திக்கிறீங்களா, இல்ல பழைய இருபத்தஞ்சாயிரத்து எழுநூத்து எழுபத்து நாலே இருக்கட்டுமான்னு. நீங்க இருக்கட்டும்னு டிக் போட்டிருக்கீங்க. அதனால வருஷம் நீண்டிருச்சு."

அவன் அந்தக் கடிதத்தையும் திரையில் காட்டினான். இரண்டு கட்டங்கள். இரண்டாவதில் டிக். முலாண்டியின் கோணல் கையெழுத்து, பக்கத்தில் அவளுடையது. டிக் அவள் போட்டது. அதன் வால் எப்போதும்போல் நீளமாக மேலே போயிருந்தது.

"கட்டுன பணமெல்லாம் எங்க போச்சு தம்பி?"

"முதல்ல வட்டிக்குத்தான் எடுப்பாங்க. மிச்சம் இருந்தாத்தான் அசலுக்கு. முதல் பத்து வருஷத்துல நீங்க கட்டுனது கிட்டத்தட்ட முப்பத்தொரு லட்சம். அசல்ல குறைஞ்சது நாலே முக்கால் லட்சம்தான். வட்டி ஏறுன மாசம் பாருங்க, உங்க தவணைல அசலுக்குப் போனது ஆயிரத்து முந்நூறு. மத்ததெல்லாம் வட்டி."

அவள் பின்னால் வரிசை நீண்டது. எழுந்திருக்கும் முன் ஒன்று மட்டும் கேட்டாள்: கணவன் அறுபது வயதில் ஓய்வு பெறுவதற்குள், அதாவது மூன்றரை வருஷத்தில், முடிக்க வேண்டுமென்றால் மாதம் எவ்வளவு? அவன் தட்டிப் பார்த்துச் சொன்னான். நாற்பத்தோராயிரத்து எழுநூறு. முலாண்டியின் சம்பளம் அறுபத்திரண்டாயிரம். அதிகாரி அச்செடுத்துக் கொடுத்த தாள்களை நான்காக மடித்து, பைக்குள் வேதாகமத்தின் நடுவில் வைத்துக்கொண்டாள்.

பேருந்து நிறுத்தத்தில் நிழல் இல்லை. பையில் மிஞ்சியிருந்த அழைப்பு அட்டை ஒன்றின் பின்புறம் கணக்குப் போட்டாள். அன்று தவணையை ஏற்றியிருந்தால் மாதம் நாலாயிரத்து இருநூற்றுச் சொச்சம் கூடுதல். பத்து வருஷத்துக்கு ஐந்து லட்சம். ஏற்றாததால் இனிமேல் தொண்ணூற்றொரு மாதம், மாதம் இருபத்தைந்தாயிரத்து எழுநூற்று எழுபத்து நாலு. பெருக்கினாள். இருபத்து மூன்று லட்சத்து நாற்பத்தையாயிரம். தப்பாகப் பெருக்கியிருப்போம் என்று இன்னொரு முறை போட்டாள். அதே தொகைதான் வந்தது.

அந்த ஜனவரி அவளுக்கு நன்றாக நினைவிருந்தது. மகள் கலெக்யேவுக்குப் பெரிய பள்ளியில், விடுதியோடு இடம் கிடைத்த மாதம் அது. தகரப் பெட்டி, மெத்தை, இரண்டு ஜோடிக் காலணி, முதல் பருவக் கட்டணம். அந்த நேரத்தில்தான் கடிதம் வந்தது. முலாண்டி ஏழாம் வகுப்போடு நின்றவன். ஆங்கிலக் கடிதமெல்லாம் அவள்தான் படிப்பாள். 'மாசப் பணம் ஏறாதாம், இங்க ஒரு கையெழுத்துப் போடுங்க' என்று காட்டினாள். அவன் போட்டான். 'நல்ல வங்கி' என்றுகூடச் சொன்னான். டிக் போட்ட கட்டத்துக்குக் கீழே சின்ன எழுத்தில் ஒரு வரி இருந்தது: கடன் காலம் அதற்கேற்ப மாற்றியமைக்கப்படும். அதை அவள் பார்த்தாள். ஆறு மாதம் கூடுமாக்கும், ஒரு வருஷம் கூடுமாக்கும் என்று நினைத்தாள். எத்தனை மாதம் என்று யாரிடமும் கேட்கவில்லை. கேட்டால் பதில் வந்துவிடும் என்ற பயமும் உள்ளே இருந்திருக்க வேண்டும்.

பணம் மட்டும் என்றால் அன்று மாலையே சொல்லியிருப்பாள். வீட்டில் வானொலிப் பெட்டிக்கு அடியில் இன்னொரு தாள் இருந்தது. முலாண்டி வேலை பார்க்கும் சிமெண்ட் ஆலை, ஐம்பத்தைந்து வயது தாண்டியவர்கள் விரும்பினால் முன்கூட்டியே விலகிக்கொள்ளலாம் என்று அறிவித்திருந்தது. பதினெட்டு மாதச் சம்பளம் மொத்தமாகக் கையில் தருவார்கள். வெள்ளிக்கிழமை கடைசி நாள். அவனுக்கு ஐம்பத்தாறரை. எடைமேடையில் இருபத்தாறு வருஷம் நின்று நெஞ்சில் தூசு படிந்திருந்தது. மருத்துவர் எக்ஸ்ரேயைத் தூக்கிப் பிடித்துப் பார்த்து, வேறு வேலை ஏதும் பார்க்கக்கூடாதா என்று கேட்டிருந்தார். கடன் முடிந்ததும் விலகி, முவாலாவில் இருக்கும் இரண்டு ஏக்கரில் கிணறு வெட்டி மாமரம் வைப்பது என்று முலாண்டி முடிவு செய்திருந்தான்.

பதினெட்டு மாதச் சம்பளம் பதினொரு லட்சத்துச் சொச்சம். அதை அப்படியே வங்கியில் கொட்டினாலும் கடன் தீராது. அவன் விலகினால் சம்பளமும் இல்லை, தவணையும் இல்லை, அப்புறம் வீடும் இல்லை.

வீட்டுக்குள் நுழைந்ததும் முலாண்டி கேட்டான். "குடுத்தாங்களா?"

"அதிகாரி இல்ல. அப்புறம் வரச் சொன்னாங்க."

"இருபது வருஷம் நம்ம பணத்த வாங்கத் தெரிஞ்சுது, ஒரு தாளத் திருப்பித் தர ஆள் இல்லயா. சரி விடு. நாற்காலி நூறு சொல்லிட்டேன், கலெக்யேம்மா. எண்பது போதும்னு நீ சொல்லுவ. உங்க அண்ணன் ஒருத்தருக்கே ரெண்டு வேணும்."

சொல்லி முடிப்பதற்குள் இருமல் வந்தது. சுவரைப் பிடித்துக்கொண்டு இருமினான். இருமல் அடங்கியதும், "இன்னும் கொஞ்ச நாள்தான்," என்று நெஞ்சைத் தட்டிக்கொண்டான்.

அந்த இடத்தில் அவளால் சொல்ல முடியவில்லை.

புதன்கிழமை அவள் தையல் இயந்திரத்தின் முன் உட்கார்ந்து ஒரு பள்ளிப் பாவாடைக்கு மூன்று முறை இடுப்புப் பட்டை வைத்துப் பிரித்தாள். பக்கத்து வீட்டு ம்பித்தேம்மா ஞாயிற்றுக்கிழமைச் சமையலுக்குப் பெரிய சட்டி இரவல் கொடுக்க வந்தாள்.

"என்ன, முகத்துல ஈயாடல? இனிமே நீங்க சொந்த வீட்டுக்காரங்க. எங்களெல்லாம் கண்ணுக்குத் தெரியுமா?"

"தெரியாம என்ன."

"கடன் முடிஞ்சவ சிரிக்கணும் பொண்ணே. நீ கடன் வாங்கப் போறவ மாதிரி இருக்க."

சியோம்புவா சட்டியை வாங்கிக் கவிழ்த்து வைத்தாள். மாலையில் முலாண்டி கிணறு வெட்டுகிற ஆளோடு தொலைபேசியில் ஒரு மணி நேரம் பேசினான். முன்பணம் பற்றிப் பேச்சு வந்தபோது அவள் எழுந்து வெளியே போய்விட்டாள். நாளை மதியம், சாப்பிட்ட பிறகு, என்று தனக்குள் சொல்லிக்கொண்டாள். வெள்ளிக்கு அப்போதும் ஒரு நாள் இருக்கும்.

வியாழக்கிழமை அவனுக்குக் காலை ஷிப்ட். இரண்டரை மணிக்கு வந்தான். முத்தோகோய் சமைத்திருந்தாள். இடித்த சோளமும் அவரையும் அவனுக்குப் பிடித்தபடி குழைந்திருந்தன. அவன் இரண்டு முறை வாங்கிச் சாப்பிட்டான். அவள் தட்டை எடுக்காமல் எதிரே உட்கார்ந்தாள்.

"கலெக்யே அப்பா, அந்த விலகல் தாள இப்ப குடுக்காதீங்க."

"ஏன்?"

"கடன் முடியல."

"இந்த மாசம் பிடிச்சா முடிஞ்சுது."

"முடியல. இன்னும் ஏழரை வருஷம் இருக்கு."

அவன் அவளையே பார்த்தான். பிறகு மெதுவாகக் கையைத் துடைத்துக்கொண்டான். "தாள இன்னிக்குக் காலைலயே குடுத்துட்டேன். கடைசி நாள் கூட்டமா இருக்கும்னு."

செவ்வாய் மாலை சொல்லியிருக்கலாம். புதன் காலை சொல்லியிருக்கலாம்.

வேதாகமத்திலிருந்து தாள்களை எடுத்து அவன் முன்னால் விரித்தாள். அவன் எண்களை விரலால் தொட்டுத் தொட்டுப் பார்த்தான். கடிதத்துக்கு வந்ததும் விரல் நின்றது.

"இந்த டிக் யாரு போட்டது?"

"நான்."

"கையெழுத்து என்னோடது."

"நான் காட்டுன இடத்துல போட்டீங்க."

"இப்பிடி ஆகும்னு தெரியுமா உனக்கு?"

"இவ்வளவு ஆகும்னு தெரியாது. கூடும்னு தெரியும். கேக்காம விட்டுட்டேன்."

அவன் திட்டுவான் என்று காத்திருந்தாள். திட்டியிருந்தால் அழுதிருக்கலாம். அவன் கழற்றிப் போட்ட பூட்ஸை மறுபடி மாட்டிக்கொண்டான். நாடாவைக் கட்டக் குனிந்தபோது இருமல் வந்தது. முடியும்வரை குனிந்தே இருந்தான்.

இருவரும் ஒரே போடாபோடா வாடகை மோட்டார் சைக்கிளில் ஏறினார்கள். அவள் நடுவில், அவன் பின்னால். வழியெல்லாம் லாரிகள் வெள்ளைத் தூசைக் கிளப்பிக்கொண்டு போயின. மணி மூன்றேகால். அலுவலகம் நான்கு மணிக்கு மூடுவார்கள். கொடுத்த தாளைத் திருப்பித் தருவார்களா என்று அவளுக்குத் தெரியவில்லை.

பணியாளர் அலுவலகத்தில் வாங்கேச்சி என்ற பெண் இருந்தாள். ஞாயிற்றுக்கிழமைக்கு அவளுக்கும் அழைப்பு உண்டு.

"வாங்க வாங்க, வீட்டுக்காரரே. ஆடு வாங்கியாச்சா? எனக்கு நெஞ்செலும்பு எடுத்து வைக்கணும், சொல்லிட்டேன்."

"காலைல குடுத்த தாளு வேணும்," என்றான் முலாண்டி.

"எந்தத் தாளு?"

"விலகுறேன்னு குடுத்தது."

வாங்கேச்சியின் சிரிப்பு குறைந்தது. மேசையில் இருந்த பழுப்பு உறையைத் தொட்டாள். வாயை ஒட்டியாகிவிட்டது. "நாலு மணி வண்டில நைரோபி ஹெட் ஆபீசுக்குப் போகுது அண்ணே. ஏதும் எழுத்து திருத்தணுமா?"

"திருத்த இல்ல. நான் விலகல."

"உங்க நெஞ்சு...?"

"என் நெஞ்ச நான் பாத்துக்கறேன்."

அவள் கத்தரியால் உறையைப் பிரித்தாள். அவன் தாளைத் தேடி எடுத்து வைத்துக்கொண்டு, வேறொரு படிவத்தை நீட்டினாள். "திரும்பப் பெற காரணம் எழுதிக் குடுக்கணும். ரெண்டு வரி போதும்."

முலாண்டி பேனாவைப் பிடித்தபடி நின்றான். ஞாயிற்றுக்கிழமைக்கு ஆலையிலிருந்து மட்டும் முப்பது பேர் வருகிறார்கள். இந்தப் படிவம் மூன்று மேசை தாண்டும்; அவர்கள் எல்லோருக்கும் தெரிந்துவிடும். நான் எழுதட்டுமா என்று சியோம்புவா கை நீட்டினாள். அவன் கொடுக்கவில்லை. பெரிய பெரிய எழுத்தில் அவனே எழுதினான்: வீட்டுக் கடன் முடியவில்லை. எழுதியதை ஒவ்வொரு சொல்லாகப் படித்துவிட்டுத்தான் கையெழுத்துப் போட்டான்.

வாங்கேச்சி அதைப் படித்தாள். சற்று நேரம் முத்திரையைக் கையில் வைத்துக்கொண்டே இருந்தாள்.

"அண்ணே, தவணை ஏறாதுன்னு லெட்டர் ஏதும் வந்துச்சா?"

"வந்துச்சு."

"எனக்குப் போன வருஷம் வந்துச்சு," என்றாள். முத்திரையை அழுத்தினாள்.

வெளியே வந்தபோது சிமெண்ட் ஏற்ற லாரிகள் உள்ளே போய்க்கொண்டிருந்தன. முலாண்டி வாயிலுக்கு வெளியே கிடந்த ஒரு சிமெண்ட் கட்டையின் மேல் உட்கார்ந்தான். அவள் பக்கத்தில் நின்றாள்.

"அறுபதுக்குள்ள முடிக்க மாசம் எவ்வளவு?"

"நாப்பத்தோராயிரத்து எழுநூறு. கேட்டேன்."

"கையில இருபதாயிரம் நிக்கும்."

"நான் தைக்கிறது இருக்கு. கலெக்யேவும் ஏதாவது..."

"அவகிட்ட வாங்க வேணாம். இப்பத்தான் நர்ஸ் வேலைல சேந்திருக்கா." ஒரு லாரி போகும்வரை காத்திருந்தான். "நாளைக்கு நாம ரெண்டு பேரும் வங்கிக்குப் போவோம். தவணைய ஏத்தச் சொல்லுவோம். எல்லா வரியையும் எனக்குப் படிச்சுக் காட்டு. சின்ன எழுத்தையும்."

"சரி."

"கிணத்துக்காரன்கிட்ட நான் சொல்லிக்கிறேன்."

"ஞாயித்துக்கிழமை?"

"நூறு நாற்காலி சொல்லியாச்சு. அழைப்பும் எல்லாருக்கும் போயாச்சு. நடக்கட்டும்." அவன் தரையைப் பார்த்துக்கொண்டே பேசினான். "பாஸ்டர் பத்திரம் எங்கன்னு கேப்பாரு. எந்திரிச்சு நீ சொல்லு."

"நானா?"

"நீதான் படிச்சவ. அந்த லெட்டரப் பத்திச் சொல்லு. டிக் போட்டதச் சொல்லு. நான் படிக்காம கையெழுத்துப் போட்டதையும் சொல்லு. வர்றவங்கள்ல கடன் இல்லாதவன் யாரு."

கூட்டத்தில் எழுந்து நின்று அவள் இதுவரை ஒரு ஜெபம்கூடச் சொன்னதில்லை. ஆனாலும் தலையாட்டினாள்.

"ஸ்கூல் ஃபீஸ் பத்தி மட்டும் வாயத் திறக்காத," என்றான் முலாண்டி. "கலெக்யே முன்னால உக்காந்திருப்பா. தன்னாலதான்னு நினைச்சுக்குவா."

சியோம்புவா யோசித்தாள். கட்டணத்தைச் சொல்லாவிட்டால், மாதம் நாலாயிரத்தை மிச்சம் பிடிக்க ஏழரை வருஷத்தை விற்றவள் என்று ஆகும். எதற்கு என்று யாராவது கேட்பார்கள். அண்ணன் கட்டாயம் கேட்பார். ஆசைப்பட்டேன் என்று சொல்லலாம். புரியவில்லை என்று சொல்லலாம். முட்டாள் என்று நினைத்துவிட்டுப் போகட்டும்.

"சொல்ல மாட்டேன்," என்றாள்.

அவன் எழுந்திருக்கக் கை நீட்டினான். அவள் பிடித்துத் தூக்கிவிட்டாள்.